நாற்பத்தோரு நொடிக் கண்டக்டர்

எங்கள் வால்டாவ் ஊர் ரொட்டிக்கடையில் ரொட்டி தீர்ந்துவிட்டால் கடைக்கார மார்லிஸ் "தீந்துபோச்சு" என்று சொல்ல மாட்டாள். மாவுக் கையை ஏப்ரனில் துடைத்துக்கொண்டு, வாசல்வரை நிற்கும் வரிசையை ஒரு பார்வை பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தி, "ரயில் இதற்கு மேல் போகாது. ஆனால் யாரும் இறங்க வேண்டாம்" என்பாள். வரிசை சிரிக்கும். ரொட்டி கிடைக்காத கடுப்பில் பாதி அந்தச் சிரிப்பிலேயே போய்விடும். வீடு கேட்டு மனுப் போட்டு ஆறு வருஷம் நடந்தவனுக்கு அதிகாரியே இதைச் சொல்லி அனுப்பியிருக்கிறார். நெசவாலைக் கூட்டத்தில் ஒருத்தன் இதை முணுமுணுத்துவிட்டு, மறுநாள் இரண்டு மணி நேரம் மூடிய அறையில் உட்கார்ந்து பதில் சொன்னான். பெர்லினில் சுவர் எழுப்பி, எல்லையை அடைத்து, ஜனங்களை உள்ளே உட்காரவைத்திருந்த நாட்டில் இந்த இரண்டு வரிக்கு யாரும் உரை எழுத வேண்டியிருக்கவில்லை.

அதைச் சினிமாவில் சொன்னவர் எங்கள் ஊர் ஆர்னோ குரோமான். படத்தின் பெயர் 'டிசம்பர் வண்டி'. கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் மலை ரயில் ஒன்று பனியில் மாட்டிக்கொள்கிறது. அதில் இருப்பவர்களின் கதை. ஆர்னோ அதில் கண்டக்டர். தொப்பியில் பனியோடு பெட்டிக் கதவைத் திறப்பார், விளக்கை உயர்த்துவார், இரண்டு வரி சொல்வார், ஓரத்தில் தூங்கும் குழந்தையைப் பார்த்ததும் விளக்கைத் தாழ்த்துவார், கதவைச் சாத்துவார். மொத்தம் நாற்பத்தோரு நொடி. அவருடைய மனைவி லீஸ்பெத் கடிகாரம் வைத்துப் பார்த்துச் சொன்ன கணக்கு இது. அதற்கு முன்பும் அவர் சினிமாவில் நடித்ததில்லை, பிறகும் இல்லை. அந்த நாற்பத்தோரு நொடியை வைத்துக்கொண்டு ஒரு மனிதர் முப்பது வருஷம் என்ன பாடு பட்டார் என்பது ஊரில் ஒருத்தருக்கும் தெரியாது. ஒருத்தருக்கும் என்று சொன்னது தப்பு. ஒருத்திக்குத் தெரிந்திருந்தது.

ஆர்னோ நெசவாளி வீட்டுப் பிள்ளை. போருக்குப் போனார், கைதியாக இருந்தார், இருபத்தாறு வயதில் எலும்பும் தோலுமாகத் திரும்பிவந்து ஊர் நாடக அரங்கில் காட்சிப் படுதா தூக்கும் வேலையில் சேர்ந்தார். தூக்கித் தூக்கி அப்படியே மேடையில் ஏறிவிட்டார். கதவைத் திறக்கும் வேலைக்காரன், கடிதம் கொண்டுவரும் தூதன், இரண்டாவது காவலன், மூன்றாவது விருந்தாளி. வருகிறவரின் கோட்டைக் கழற்றி வாங்கி மாட்டுவதில் அவரை மிஞ்ச அந்த ஜில்லாவில் ஆள் கிடையாது.

அதற்கு மேல் போகாததற்குக் காரணம் அவருடைய நாக்கு. எங்கள் மூலைக்காரர்களுக்கு ர வராது என்று சொல்ல முடியாது. வரும். ஆனால் ழ சொல்லும்போது நாக்கு எங்கே சுருண்டு போகுமோ அங்கே ஒரு நடை போய்விட்டுத்தான் வரும். வீட்டிலும் கடையிலும் அது யார் காதிலும் உறைக்காது. மேடையில் ஒரு பிரபு அப்படிப் பேசினால் மட்டும் சபை சிரிக்கும். அதே நாக்கை வாயில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறவர்கள்தான் முதலில் சிரிப்பார்கள், என்ன ஜனங்களோ! அரங்கத்தின் தலைவர் டாக்டர் சீலிக் வடக்கேயிருந்து வந்தவர். தினம் காலையில் ஆர்னோவின் பல்லுக்கு நடுவே பாட்டில் தக்கை ஒன்றைக் கடிக்க வைத்து, பக்கம் பக்கமாக வாசிக்கச் சொல்வார். தக்கை தேய்ந்தது. ர தேயவில்லை.

"குரோமான், உங்க பேரையே உங்களால ஒழுங்காச் சொல்ல முடியலையே!" என்று ஒருநாள் அவர் தலையில் அடித்துக்கொண்டார்.

"எங்கப்பாகிட்டேருந்து வந்த பேரு டாக்டர். அவருக்கும் இதே நாக்குதான். சரியாத்தான் சொல்றோம்னு நெனச்சிட்டே போய்ச் சேந்துட்டாரு."

லீஸ்பெத் அதே அரங்கில் வசனம் எடுத்துக்கொடுப்பவள். மேடையின் முன்விளிம்பில் தரைக்குள் ஒரு பெட்டி உண்டு. அதில் கழுத்துவரை இறங்கி உட்கார்ந்து, மடியில் புத்தகத்தை வைத்துக்கொண்டு, எந்த நடிகர் திக்குகிறாரோ அவருக்கு முதல் வார்த்தையை மட்டும் உதட்டால் தள்ளிவிட வேண்டும். ஒரு வார்த்தைக்கு மேல் தள்ளினால் நடிகருக்குக் கோபம் வரும். திக்குவதற்கு முன்னால் தள்ளினால் கொலையே விழும். ஒவ்வொருவரும் எங்கே மூச்சு வாங்குவார், எங்கே விழுங்குவார் என்பதெல்லாம் அவளுக்கு மனப்பாடம். "உனக்கு எடுத்துக்கொடுக்க என்ன இருக்கு? 'குதிரை தயார் பிரபுவே'ங்கறதையா மறந்துடப் போற?" என்று ஆர்னோவைச் சீண்டுவாள். அப்படிச் சீண்டிச் சீண்டித்தான் ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்திரண்டில் கல்யாணம் நடந்தது.

அறுபத்துமூன்று பிப்ரவரியில் சினிமாக்காரர்கள் வந்தார்கள். அந்த வருஷக் குளிர் ஊர் மறக்காத குளிர். குழாய்க்குள் தண்ணீர் கல்லாகிவிட்டது. கண்டக்டராக நடிக்க வந்த பெர்லின் நடிகர் நடைமேடைப் பனியில் வழுக்கிக் காலை ஒடித்துக்கொண்டார். இயக்குநர் அரங்கத்துக்கு ஓடிவந்து, "ஒரு கதவைத் திறந்து மூடத் தெரிஞ்ச ஆள் உங்ககிட்ட இருக்காரா?" என்று கேட்டார். டாக்டர் சீலிக் யோசிக்கவே இல்லை. "அதுக்குன்னே பொறந்த ஒருத்தர் இருக்கார்" என்றார்.

இரண்டு நாள் படப்பிடிப்பு. விளக்கைத் தாழ்த்துவது எழுத்தில் இல்லை. குழந்தை நிஜமாகவே தூங்கிப்போயிருந்ததைப் பார்த்து ஆர்னோவாகச் செய்தது. இயக்குநர் அவரைக் கட்டிப்பிடித்து முதுகில் தட்டினார். வெளிப்புறக் காட்சிகளுக்குக் குரலை ஸ்டூடியோவில் மறுபடி பதிவு செய்வார்கள், அதற்குக் கூப்பிடுவோம் என்று சொல்லிவிட்டுப் போனார். ஆர்னோ நல்ல கோட்டைத் தேய்த்து வைத்துக் காத்திருந்தார். வசந்தம் போயிற்று, கோடை போயிற்று, கூப்பிடவில்லை. பிப்ரவரியில் பேசியதே நன்றாக இருந்திருக்கும் என்று அவராக நினைத்துக்கொண்டார்.

டிசம்பரில் படம் எங்கள் ஊர்க் கொட்டகைக்கு வந்தது. அரங்கமே திரண்டுபோய் மூன்று வரிசையைப் பிடித்து உட்கார்ந்தது. திரையில் கதவு திறந்தது. ஆர்னோவின் தொப்பி, ஆர்னோவின் மூக்கு, ஆர்னோவின் கை. வாய் திறந்தது. உள்ளேயிருந்து வேறு யாரோ பேசினார்கள்.

ஆழமான, கழுவித் துடைத்த, எந்த ஊர் என்று சொல்ல முடியாத குரல். "ரயில் இதற்கு மேல் போகாது. ஆனால் யாரும் இறங்க வேண்டாம்." கொட்டகை கைதட்டியது. ஆர்னோவுக்குக் காது அடைத்துவிட்டது. பாவி, என் வாய்க்குள்ளேயே வந்து உட்கார்ந்துகொண்டு பேசுகிறானே என்று நெஞ்சு எரிந்தது. பக்கத்தில் லீஸ்பெத் திரையைப் பார்த்தபடியே இருந்தாள், திரும்பவில்லை.

வெளியே மதுக் கோப்பையோடு டாக்டர் சீலிக் பாய்ந்து வந்தார். "குரோமான்! பத்து வருஷம் தக்கையைக் கடிக்க வச்சேன், வரலை. சினிமாக்காரன் ரெண்டே நாள்ல வரவச்சுட்டானே! ஒரு பிசிறு இல்லாம பேசறீங்க!"

அந்த இடத்தில் ஒரே ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் எல்லாம் முடிந்திருக்கும். சுற்றிலும் முப்பது பேர் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றார்கள். நெசவாலைக்காரர்கள், தபால்காரர், மார்லிஸின் அம்மா. எங்கள் ஊர் நாக்கையும் நிமிர்த்த முடியும் என்று ஒருத்தர் காட்டிவிட்டாரே என்ற பெருமை அவர்கள் முகத்தில். அந்த முகங்களைப் பார்த்து அது நான் இல்லை என்று சொல்ல ஆர்னோவுக்கு வாய் வரவில்லை. "முயற்சி பண்ணேன் டாக்டர்" என்றார். அவ்வளவுதான், மாட்டிக்கொண்டார்.

மறுநாளே தொல்லை ஆரம்பித்தது. தபால்காரர் வாசலில் நின்று, "எங்கே, ஒருதரம் சொல்லுங்க!" என்றார். தொண்டை கட்டியிருக்கிறது என்று ஆர்னோ தப்பித்தார். அன்று மாலையே நிலக்கரி வைக்கும் கீழறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். இரண்டு வாரம் தினமும் போனார். கொட்டகைக்கு ஆறு தடவை தனியாகப் போய் அந்தக் குரலைக் கேட்டுவிட்டு வந்து, கரிக்குவியலின் முன்னால் நின்று சொல்லிச் சொல்லிப் பார்த்தார். கடைசியில் அந்த இரண்டு வரி மட்டும், வேறு ஒரு சொல்லும் இல்லை, அச்சாக வந்துவிட்டது. அவரைத் திருடியவனை அவர் திருடப் பழகினார்.

அதற்குப் பிறகு கேட்ட இடத்திலெல்லாம் சொன்னார். கல்யாணத்தில் சொன்னார், தீயணைப்புப் படை விழாவில் சொன்னார், பல் பிடுங்கப் போன இடத்தில் வாயில் பஞ்சோடு சொன்னார். வருஷா வருஷம் கிறிஸ்துமஸுக்கு முந்தின ஞாயிறுகளில் ஒன்றில் தொலைக்காட்சியில் படம் வரும். மறுநாள் ஊர் மறுபடி கேட்கும். ஒவ்வொரு தடவையும், சொல்லி முடித்துக் கைதட்டல் வரும்வரை, அவர் எதிரே நிற்பவர்களின் முகத்தை ஒவ்வொன்றாக வேவு பார்ப்பார். என்றைக்காவது ஒருத்தன் கண்டுபிடித்து, இந்த ஆள் இத்தனை வருஷமாக அடுத்தவன் குரலில் வாழ்ந்திருக்கிறான் என்று சந்தையில் சொல்லிவிட்டால் அப்புறம் தெருவில் எப்படி நடப்பது? இதுதான் அவருடைய பயம். வேறு பயம் அவருக்கு இல்லை.

டாக்டர் சீலிக் சும்மா இருக்கவில்லை. ர போய்விட்டது என்று நம்பி, அறுபத்துநாலில் ஒரு பிரபு வேஷத்தையே தூக்கிக் கொடுத்துவிட்டார். நாலு அங்கம், இருநூறு வசனம். ஆர்னோ கீழறையிலேயே குடியிருந்தார். முதல் நாள் மேடையில் வாயைத் திறந்ததும் நாக்கு பழைய இடத்துக்குச் சுருண்டு போயிற்று. சபை சிரித்தது. மூன்றாவது காட்சிக்குள் வேறொருவரைப் புத்தகத்தோடு மேடையேற்றிவிட்டார்கள். "உங்களால முடியும்னு நானே பார்த்தேன். முடியாதவன்கிட்ட எனக்குக் கோபம் கிடையாது. நீங்க சோம்பேறி, குரோமான்" என்றார் டாக்டர் சீலிக். ஆர்னோ தலையைக் குனிந்துகொண்டு கேட்டார். பிறகு ஓய்வுபெறும்வரை கோட் மாட்டினார். திறமையில்லாதவன் என்றிருந்தால்கூடப் பொறுத்திருப்பார். சோம்பேறி என்ற சொல் மட்டும் செருப்புக்குள் புகுந்த கல் மாதிரி உறுத்திக்கொண்டே இருந்தது.

சுவர் விழுந்தது. நெசவாலை மூடியது. அதன் கேட்டில் யாரோ தார் எடுத்து, 'ரயில் இதற்கு மேல் போகாது. எல்லாரும் இறங்கலாம்' என்று எழுதிவைத்தார்கள். அப்போதும் ஊர் சிரித்தது, கொஞ்சம் குறைவாக.

தொண்ணூற்றுமூன்று அக்டோபரில் பெர்லின் பக்கமிருந்து ஒரு பெண் போன் செய்தாள். பழைய படச்சுருள்களைப் பாதுகாக்கும் இடத்தில் வேலை, பெயர் ஆன்யா. 'டிசம்பர் வண்டி' வந்து முப்பது வருஷம் ஆகிறது, வால்டாவ் கொட்டகையில் விழா வைக்கிறார்கள், நீங்கள் மேடைக்கு வர வேண்டும் என்றாள்.

"வர்றேம்மா. அந்த ரெண்டு வரியைச் சொல்லணும், அவ்வளவுதானே?"

"அதில்லை ஹெர் குரோமான். ஒரு பெட்டியில படப்பிடிப்பு அன்னிக்குப் பதிஞ்ச ஒலிநாடா கெடச்சிருக்கு. உங்க சொந்தக் குரல் அதுல இருக்கு. படத்துல வர்றது கோன்ராட் ஃபேஸெங்கறவரோட குரல்னு அந்தப் பெட்டியோட இருந்த பழைய காகிதத்துல பார்த்தேன். உங்களுக்குத் தெரியும்தானே?"

ஆர்னோ போனை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். முப்பது வருஷமாகத் திட்டிய ஆளுக்கு இன்றைக்குத்தான் பெயர் கிடைத்தது. "அவரு இருக்காரா?"

"எண்பத்தொண்ணுல போய்ட்டாரு. நூறு படத்துக்கு மேல குரல் கொடுத்திருக்காரு. எந்தப் படத்துலயும் பேர் போடலை. அவரோட போட்டோ ஒண்ணுகூட எங்ககிட்ட இல்லை." பிறகு, "அந்த நாடாவை விழாவுல போடலாமா? நீங்க சரின்னா மட்டும்தான். இல்லைன்னா பெட்டியிலயே வச்சுடறேன்" என்றாள்.

யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டார். ஒரு வாரம் யோசித்தார். கேட்க ஆசையாக இருந்தது, அதை மறைப்பானேன். நாற்பத்திரண்டு வயசு ஆர்னோ எப்படிச் சொன்னான் என்று அவருக்கே மறந்துபோயிருந்தது. ஆனால் போட்டால் ஊருக்குத் தெரிந்துவிடும். போடாவிட்டால் ஃபேஸெயின் குரலோடு சவப்பெட்டிக்குள் போக வேண்டியதுதான்.

எட்டாம் நாள் மத்தியானம் லீஸ்பெத் மசித்த உருளைக்கிழங்கைத் தட்டில் குவித்து, நடுவில் குளம் வெட்டி, மாட்டிறைச்சிச் சாற்றை ஊற்றிக் கொடுத்தாள். ஆர்னோ கரண்டியால் கரையை உடைத்துவிட்டு, சாறு தட்டெல்லாம் ஓடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"சாப்பிடறியா, வாய்க்கால் வெட்டறியா?"

"லீஸ்பெத், உங்கிட்ட ஒண்ணு சொல்லணும். அந்தப் படத்துல பேசறது..."

"நீ இல்ல."

கரண்டி கீழே விழுந்தது.

"தெரியுமா?"

"ஏன்யா, நீ எங்க மூச்சு வாங்குவேன்னு எனக்குத் தெரியாதா? நீ 'ஆனால்'ங்கற சொல்லுக்கு முன்னாடி வாங்குவ. திரையில இருந்தவன் பின்னாடி வாங்கினான். அன்னிக்குக் கொட்டகையிலயே தெரியும்."

"அப்போ முப்பது வருஷமா ஏன் ஒரு வார்த்தை கேக்கலை?"

லீஸ்பெத் தன் தட்டைப் பார்த்தபடி சொன்னாள்: "நடிகன் திக்கினாத்தான் எடுத்துக்கொடுக்கறவ வாயைத் திறக்கணும். நீ எங்க திக்கின? சரளமாப் பொய் சொல்லிட்டே போன."

ஆர்னோவுக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. முதலில் வந்தது கோபம். கீழறைக்கு அவர் போன இரண்டு வாரமும் கரி எடுக்க அவள் ஒருநாள்கூட அங்கே வந்ததில்லை, வாளியை அவரிடமே கொடுத்தனுப்பினாள் என்பது இப்போதுதான் அவருக்கு உறைத்தது. கோபம் அங்கேயே நின்றுவிட்டது. நாடா விஷயத்தைச் சொன்னார். ஊர் காறித் துப்பும் என்றார்.

"துப்பினா துடைச்சிக்கோ. எனக்கு அந்த நாடாவைக் கேக்கணும்" என்றாள் லீஸ்பெத்.

நவம்பர் கடைசி ஞாயிறு விழா. கொட்டகையில் இடமில்லை, பின்சுவர் ஓரமாக நின்றுகொண்டிருந்தார்கள். முன்வரிசையில் எண்பத்துநாலு வயதான டாக்டர் சீலிக் கைத்தடியோடு உட்கார்ந்திருந்தார். படம் முடிந்தது. கண்டக்டர் காட்சிக்கு வழக்கம்போல் கைதட்டல். ஆன்யா ஒலிப்பெட்டியோடு மேடையோரம் நின்றாள். ஆர்னோ முதலில் பேச வேண்டும், பிறகு அவள் நாடாவை ஓடவிட வேண்டும் என்று ஏற்பாடு. ஒரே ஒரு வாக்கியம் தயார் செய்திருந்தார்: அது என் குரல் இல்லை, கோன்ராட் ஃபேஸெ என்பவருடையது.

மேடைப்படி அருகில் லீஸ்பெத் அவருடைய இடது தோளுக்கு மேலாக மூன்று தடவை 'தூ தூ தூ' என்று துப்பினாள். நாடகக்காரர்களுக்கு அதுதான் ஆசீர்வாதம். அதற்கு நன்றி மட்டும் சொல்லிவிடக் கூடாது. சொன்னால் காரியம் கெட்டது. முப்பத்தெட்டு வருஷ மேடை வாழ்க்கையில் ஆர்னோ ஒருநாளும் சொன்னதில்லை. அன்றைக்குப் பதற்றத்தில், "நன்றி லீஸ்பெத்" என்றுவிட்டார்.

"போச்சு!" என்றாள் அவள்.

போய்த்தான் விட்டது. ஒலிபெருக்கி முன்னால் போய் நின்றதும் வாக்கியம் மறைந்துவிட்டது. விளக்கு முகத்தில் அடித்தது. வாயைத் திறந்தார், மூடினார். யாரோ பின்னாலிருந்து, "சொல்லுங்க ஆர்னோ! ரயில் இதற்கு மேல்..." என்று ஆரம்பித்தார்கள். பத்துப் பேர் சேர்ந்துகொண்டார்கள். கீழறையில் பழகிய குரல் தொண்டைவரை வந்து நின்றது. அதைச் சொல்லிவிட்டு இறங்கிப் போய்விடலாம். சபை கைதட்டும். ஆன்யா ஒன்றும் பேசமாட்டாள், நாடா பெட்டிக்குப் போய்விடும். அவர் மூச்சை இழுத்தார்.

கீழேயிருந்து, முன்வரிசையில் மேடை விளிம்பை ஒட்டி நின்றவளிடமிருந்து, உதட்டால் தள்ளிய ஒரு சொல் வந்தது. மேடையில் இருப்பவனுக்கு மட்டும் கேட்கும் சத்தம்.

"அது..."

"அது என் குரல் இல்லை" என்றார் ஆர்னோ. ஊர் நாக்கில், அத்தனை ரகரமும் சுருண்டு போய்த் திரும்பிவர. "முப்பது வருஷமா நீங்க கைதட்டினது கோன்ராட் ஃபேஸெங்கறவருக்கு. அவரு செத்துட்டாரு. நான் அவரை மாதிரிப் பேசக் கரி அறையில நின்னு பழகினேன். அவ்வளவுதான்."

ஆன்யா பொத்தானை அழுத்தினாள்.

முதலில் காற்று. பிறகு ஒரு கதவு கிறீச்சிடுவது. பிறகு நாற்பத்திரண்டு வயசு ஆர்னோ, மெதுவாக, தூங்கும் குழந்தையை எழுப்பிவிடக் கூடாது என்பதுபோல: "ழயிலு இதுக்கு மேல போகாது. ஆனா யாழும் எழங்க வேணாம்." கதவு சாத்தும் ஓசை. நாடாவிலேயே யாரோ சிரிப்பை அடக்குவது கேட்டது. அப்புறம் இயக்குநரின் குரல்: "பிரமாதம். அற்புதம். ச்சே, வடக்கே ரோஸ்டாக் ஊர்க்காரனுக்கு ஒரு எழவும் புரியாதே!"

நாடா நின்றது. ஆர்னோ தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

பின்சுவரிலிருந்து மார்லிஸ் கத்தினாள்: "ரோஸ்டாக்காரனுக்குப் புரியலைன்னா அது அவன் தலையெழுத்து!"

கொட்டகை அதிர்ந்துபோயிற்று. சிரித்தார்கள், காலால் தரையை உதைத்தார்கள், இன்னொருதரம் போடு என்று கத்தினார்கள். ஆன்யா மூன்று தடவை போட்டாள். மூன்றாம் தடவை பாதி சபை கூடவே சொன்னது, ஒருத்தருக்கும் தக்கை தேவைப்படவில்லை.

எல்லாருக்கும் பிடித்தது என்று சொல்ல மாட்டேன். தபால்காரர் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு, "சொல்லாமலே இருந்திருக்கலாம், முப்பது வருஷமா ஏமாந்திருக்கேன்" என்று சொல்லிவிட்டு வெளியே போனார். அவர் சொன்னதும் நியாயம்தான். கூட்டம் கலையும்போது டாக்டர் சீலிக் கைத்தடியை ஊன்றி ஆர்னோவிடம் வந்தார்.

"அப்போ நீங்க சோம்பேறி இல்லை" என்றார்.

"இல்லை டாக்டர்."

"தப்பாச் சொல்லிட்டேன். மன்னிச்சுக்கங்க." கையை நீட்டினார். ஆர்னோ அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு, விடத் தெரியாமல் நின்றார். பிறகு, பழக்கதோஷம், அவருடைய கோட்டை வாங்கிப் பின்பக்கமாக விரித்துப் பிடித்து மாட்டிவிட்டார்.

அந்த வாரம் ஆர்னோ கிறிஸ்துமஸ் கேக் சுட்டுத் தரச் சொல்லி ரொட்டிக்கடையில் தன் வீட்டு உலர் திராட்சையையும் பாதாமையும் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு நின்றபோது, மார்லிஸ் கேட்டாள், "ஒருதரம் சொல்லுங்களேன்." அவர் தன் குரலில் சொன்னார். மார்லிஸ் தலையைச் சாய்த்துக் கேட்டுவிட்டு, "நல்லாத்தான் இருக்கு. ஆனா பழைய ஆள் மாதிரியும் ஒருதரம் சொல்லுங்க, பழகிப்போச்சு" என்றாள். ஆர்னோ ஃபேஸெயின் குரலிலும் சொன்னார். முதல் தடவையாக யாருடைய முகத்தையும் வேவு பார்க்கவில்லை. செத்துப்போன ஒரு சக நடிகருக்குச் செய்யும் மரியாதை மாதிரி இருந்தது.

டிசம்பரில் ஒரு ஞாயிறு, மாலை நாலு மணிக்குத் தொலைக்காட்சியில் படம் வந்தது. அதில் பழைய குரல்தான். நாடா ஒன்று கிடைத்ததற்காகப் படத்தை மாற்றமாட்டார்கள். மேஜையில், கிறிஸ்துமஸுக்கு முந்தின ஞாயிறுக்கு ஒன்றாக ஏற்றுவதற்கு வளையத்தில் செருகிய நாலு மெழுகுவத்தியில் இரண்டு எரிந்துகொண்டிருந்தன. படத்தில் ரயில்பெட்டிக் கதவு திறக்கப் போகும்போது லீஸ்பெத் எழுந்துபோய்ச் சத்தத்தைச் சுத்தமாகக் குறைத்தாள். திரையில் தொப்பியில் பனியோடு வாய் திறந்தது. சோபாவிலிருந்து எழுபத்திரண்டு வயசு ஆர்னோ அந்த இரண்டு வரியைச் சொன்னார். கதவு மூடியது. அவள் சத்தத்தைக் கூட்டினாள்.

"அரை மூச்சு லேட்" என்றாள்.

"அடுத்த வருஷம் பாத்துக்கலாம்."

அடுத்த வருஷமும் பார்த்தார்கள், அதற்கடுத்த வருஷமும். தொண்ணூற்றாறில் உதடும் சொல்லும் மயிரிழை தவறாமல் பொருந்தின. லீஸ்பெத் ஒன்றும் சொல்லவில்லை. குறை இல்லாதபோது அவள் பேசியதில்லை. தொண்ணூற்றேழு ஆகஸ்டில் ஆர்னோ தூக்கத்திலேயே போனார். ஜில்லாப் பத்திரிகையில் ஆறு வரி வந்தது. 'டிசம்பர் வண்டி' படத்தில் கண்டக்டராக வந்தவர் என்று எழுதியிருந்தார்கள், முப்பத்தெட்டு வருஷ அரங்க வேலையை ஒரே வாக்கியத்தில் முடித்துவிட்டார்கள்.

அந்த டிசம்பரிலும் படம் வந்தது. லீஸ்பெத் தனியாக உட்கார்ந்து பார்த்தாள். பெட்டிக் கதவு திறக்கும் நேரத்தில் எழுந்துபோய்ச் சத்தத்தைக் குறைத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். திரையில் ஆர்னோ விளக்கை உயர்த்தினார், வாயைத் திறந்தார். அறையில் சத்தமில்லை.

"ரயில்..." என்று முதல் வார்த்தையை எடுத்துக்கொடுத்தாள் லீஸ்பெத்.

கொஞ்சம் காத்திருந்தாள். திரையில் விளக்கு தாழ்ந்தது, கதவு மூடியது. அவள் எழுந்துபோய்ச் சத்தத்தைக் கூட்டினாள்.